கெணத்தைத் தூர் வாரின கான்சல்: எட்வர்ட் தாம்சனோட கதையும் நம்ம காட்டுல கெடைக்கற மணியும்

1879-ல அமெரிக்காவுல பேர் வாங்கின ஒரு அறிவியல் மாசப் பத்திரிகையில, அட்லாண்டிஸ் ஒண்ணும் கட்டுக்கதை இல்லைன்னு சாதிக்கற கட்டுரை ஒண்ணு வந்துச்சு. எழுதினவரு எட்வர்ட் ஹெர்பர்ட் தாம்சன். மாசச்சூசெட்ஸ் மாநிலத்துல வூஸ்டர்ங்கற ஊர்க்காரரு, அப்ப இருபது வயசை இப்பத்தான் தாண்டியிருந்தாரு. கடல்ல முழுகிப்போன ஒரு கண்டத்துல இருந்து தப்பிச்சு வந்த சனங்களோட மிச்சம்தான் மெக்சிகோ பக்கம் நிக்கற மாயா கோயில், பிரமிடெல்லாம்ங்கறது அவரோட வாதம். நம்ம பக்கம் குமரிக்கண்டத்தைப் பத்தி ராத்திரி முழுக்கப் பேசறவங்களைப் பாத்திருப்பீங்க, அதே சூடுதான், அதே நம்பிக்கைதான். ஆறு வருசம் கழிச்சு 1885-ல இதே ஆளு, அந்த மாயா கட்டடங்க இருக்கற மெக்சிகோவோட யூகட்டானுக்கே அமெரிக்க அரசாங்கத்தோட கான்சலா, அதாவது அங்க இருக்கற அரசுப் பிரதிநிதியா போய் எறங்கறாரு, அப்ப அவருக்கு வயசு முப்பதுகூட ஆகல.

இந்த ஒரு தாவல்தான் அவரோட மொத்த வாழ்க்கைக்கும் சாவி. தாம்சனைப் பத்தி இங்கிலீஷ்ல எழுதறவங்க பாதிப் பேரு அவரை சாகச வீரரா காட்டுவாங்க, மெக்சிகோக்காரங்க பாதிப் பேரு திருடன்னு ஒரே வார்த்தையில முடிச்சிருவாங்க. எனக்கு இந்த ரெண்டுலயும் திருப்தி இல்லைங்க. தொல்லியல் படிப்பு இல்லாத ஆர்வலர் ஒருத்தர் கையில அரசாங்க நாற்காலி வந்தா என்ன நடக்கும், அவருக்குப் பின்னாடி நிக்கற படிச்சவங்க என்ன பண்ணுவாங்க, கடைசியில அந்த மண்ணுக்கு என்ன மிஞ்சும்ங்கறதுதான் இதுல பாக்கவேண்டியது. பழங்கால மணிப் பட்டறை இருந்த கொடுமணலைப் பக்கத்துல வெச்சுக்கிட்டு இருக்கற நமக்கு இது தூரத்து விசயம் இல்ல.

முதல்ல அவருக்கு அந்த வேலை எப்படிக் கெடைச்சுதுன்னு பாக்கலாம். வூஸ்டர்லயே அமெரிக்கன் ஆண்டிகுவேரியன் சொசைட்டின்னு பழைய சங்கம் ஒண்ணு இருக்கு. அதுல ஸ்டீபன் சாலிஸ்பரின்னு ஒரு பெரும் பணக்காரரு, யூகட்டான் மேல அவருக்குத் தீராத ஆசை. அவங்க அதுக்கு முன்னாடி லெ ப்ளோஞ்ஜான்ங்கற ஒருத்தருக்குக் காசு குடுத்து அங்க வேலை பாக்க வெச்சிருந்தாங்க. அவரு நல்லா போட்டோ எடுப்பாரு, ஆனா மாயா ராணி ஒருத்தி எகிப்துக்குப் போனாள்ங்கற அளவுக்குக் கதை கட்ட ஆரம்பிச்சதும் சங்கத்துக்குச் சங்கடமாப் போச்சு. அந்த எடத்துக்கு எளவயசா, ஒடம்புல தெம்பா, சொன்னதைக் கேக்கற மாதிரி ஒரு ஆளு வேணும்னு தேடறப்பத்தான் அட்லாண்டிஸ் கட்டுரை எழுதின உள்ளூர்ப் பையன் கண்ணுல படறாரு. அதே ஊரைச் சேர்ந்த செனட்டர் ஜார்ஜ் ஹோர், இவங்கெல்லாம் சேர்ந்து வாசிங்டன்ல பேசி கான்சல் வேலையை வாங்கிக் குடுத்தாங்க. சம்பளம் அரசாங்கத்தோடது, ஆராய்ச்சி இவங்களோடது, அதான் ஏற்பாடு.

இதுல யோசிக்கவேண்டியது என்னன்னா, தாம்சனுக்கு இருந்த அறிவைப் பாத்து அந்தப் பதவி குடுக்கல, பதவி இருந்தா அந்த மண்ணுல காலூன்றி நிக்கலாம், அதுக்காகக் குடுத்தாங்க. கான்சல்னா துறைமுகத்துல கப்பல் பேப்பர்ல கையெழுத்துப் போடறது, வியாபாரிகளுக்கு ஒத்தாசை பண்றது, சொந்த நாட்டுக்காரன் சிக்கல்ல மாட்டினா எடுத்துவிடறது, இப்படி ஒரு உத்தியோகம். அன்னைக்கு யூகட்டான்ல பெரிய தொழில் கத்தாழை நாரு. நம்ம வேலியோரத்துல நிக்குமே, அந்த இனத்துக் கத்தாழையை ஆயிரக்கணக்கான ஏக்கர்ல நட்டு, நாரு எடுத்து, அமெரிக்காவுல கோதுமைக் கதிர் கட்டற மிஷினுக்குக் கயிறாக்கி அனுப்புவாங்க. அந்தப் பண்ணைகள்ல கடன்ல சிக்கி அடிமை மாதிரி வேலை செஞ்சது மாயா சனங்க, அந்தக் கோயில்களைக் கட்டினவங்களோட பேரப்புள்ளைங்க. இந்த வியாபாரத்துக்கு நடுவுல அமெரிக்கக் கான்சல்னா அங்க எந்தக் கதவும் திறக்கும்.

அவரு சோம்பேறி இல்லைங்கறதையும் சொல்லியாகோணும். மாயா மொழியைக் கத்துக்கிட்டாரு, காட்டுக்குள்ள மாசக்கணக்கா தங்கினாரு, லப்னான்னு ஒரு எடத்துல சுல்தூன்னு சொல்ற பாறைத் தொட்டிகளை ஒவ்வொண்ணா எறங்கி ஆராய்ஞ்சு எழுதினாரு. மழைத்தண்ணியைச் சேத்து வெக்க சுண்ணாம்புப் பாறைக்குள்ள குடைஞ்ச தொட்டிங்க அதெல்லாம். லோல்தூன் குகையைத் தோண்டிப் பாத்து 1897-ல வெளியிட்ட அறிக்கையை எல்லாம் இன்னைக்கும் ஆய்வாளருங்க எடுத்துப் பாப்பாங்க. அந்த நேரத்துக்குள்ள அட்லாண்டிஸ் பேச்சையும் மெல்ல விட்டுட்டாரு. நேர்ல போய் கல்லைத் தொட்டுப் பாத்தா கற்பனை தானா கரையும்ங்கறதுக்கு இவரே சாட்சி. 1893-ல சிகாகோவுல நடந்த உலகக் கண்காட்சிக்கு லப்னா வளைவையும் உஷ்மால்ங்கற இன்னொரு மாயா ஊரோட கட்டட முகப்பையும் அச்சு எடுத்து அனுப்பினாரு, அதை மூலத்தோட அளவுலயே அங்க நிறுத்தி வெச்சாங்க, கூட்டம் அலைமோதுச்சு. கறி வியாபாரத்துல கோடி சம்பாதிச்ச சிகாகோ குடும்பத்து வாரிசு ஆலிசன் ஆர்மர் அந்தப் பழக்கத்துல தாம்சனுக்குப் பணம் குடுக்க முன்வந்தாரு. அந்தப் பணத்துலதான் 1894-ல தாம்சன் ஒரு பண்ணையை வாங்கினாரு. பாழடைஞ்ச பண்ணை, மாயா சனங்க நடத்தின நீண்ட கலகத்துல எரிஞ்சு காடா கெடந்தது, விலையும் கம்மி. ஆனா அந்தப் பண்ணை எல்லைக்குள்ளதான் சிச்சென் இட்சாங்கற பழைய மாயா நகரம் மொத்தமும் இருந்துச்சு.

திரும்பப் படிச்சுப் பாருங்க. இன்னைக்கு வருசத்துக்கு லட்சக்கணக்கான பேரு போய்ப் பாக்கற சிச்சென் இட்சா, பெரிய பிரமிடு, பந்து மைதானம், போர்வீரர் கோயில், எல்லாம் ஒரு வெளிநாட்டு அதிகாரியோட சொந்தப் பட்டா நிலத்துல. தஞ்சாவூர்ப் பெரிய கோயில் நிக்கற எடத்தை ஒரு கலெக்டர் தன் பேர்ல கிரயம் பண்ணிக்கிட்டாருன்னு வெச்சுக்கங்க, அப்படி.

பிரமிடுக்கு வடக்கால ஒரு பழைய மேட்டுப்பாதை போகும், சுமார் 300 மீட்டர். அது போய் முடியற எடத்துலதான் அந்தக் கெணறு இருக்கு. வட யூகட்டான்ல தரைக்கு மேல ஆறுன்னு ஒண்ணு கெடையாது, சுண்ணாம்புப் பாறை, பெய்யற மழை எல்லாம் உள்ள எறங்கிரும், அங்கங்க பாறைக்கூரை இடிஞ்சு விழுந்து அடியில தண்ணி தெரியும். இந்தப் பள்ளத்தை அவங்க செனோட்டேன்னு சொல்றாங்க. இந்த ஒண்ணு ஏறக்குறைய வட்டமா 60 மீட்டர் அகலம், தண்ணி மட்டமே மேல இருந்து 20 மீட்டருக்கும் கீழ, சுத்தியும் செங்குத்தாப் பாறை. இந்தக் கெணத்துக்குள்ள மழைச்சாமிக்கு ஆளுங்களையும் விலையுயர்ந்த பொருளையும் தள்ளுவாங்கன்னு 16-ஆம் நூற்றாண்டுல தியெகோ தெ லாந்தாங்கற ஸ்பானிஷ் பாதிரியார் எழுதி வெச்சிருந்தாரு. அவரு மாயா ஏடுகளை எரிச்சவரு, அதனால அவரு சொன்னதைப் பலரும் நம்பல. தாம்சன் நம்பினாரு. அவருக்கு முன்னாடியே 1880-கள்ல தெசிரே ஷார்னேங்கற பிரெஞ்சுக்காரர் ஒரு கருவியை எறக்கிப் பாத்துட்டு சேறும் மரமும் சிக்கி வெறுங்கையோட போயிட்டாரு.

நம்ம ஊர்க் கெணறு தூர் வாரறதைப் பாத்தவங்களுக்கு தாம்சன் பண்ணின வேலை ஒடனே புரியும். மேல கிரேன், கம்பிவடம், கீழ எறங்கற தொட்டி, சேத்தை அள்ளிட்டு மேல வர்றது, கரையில கொட்டறது, ஆளுங்க கையில கிளறிப் பாக்கறது, நம்ம காட்டுல கோடையில நடக்கற அதே வேலை. 1904-ல அவரு அமெரிக்காவுல இருந்து டெரிக், வின்ச், எஃகு வடம், தாடை மாதிரி மூடிக்கற பக்கெட்டு எல்லாம் கொண்டுவந்து கெணத்தோரத்துல நிறுத்தினாரு. எந்த எடத்துல எறக்கறதுன்னு முடிவு பண்ண, ஒரு மனுசன் எடைக்கு மரக்கட்டையை வெட்டி, பழைய மேடை இருக்கற கரையில நின்னு உள்ள வீசிப் பாத்தாராம், ஆளைத் தள்ளியிருந்தா எந்த எடத்துல விழுந்திருப்பாங்கன்னு கணக்குப் போட. மெனக்கெட்டவருதான், அதுல சந்தேகமே இல்ல.

பல நாளைக்கு வெறும் சேறு. கறுப்பா நாத்தமெடுத்த சேறு, அழுகின எலை, எப்பவோ விழுந்த மரம், தவறி விழுந்த மானோட எலும்பு. தினமும் தொட்டி வரும், கொட்டும், ஒண்ணுமில்ல. நம்பிக்கை கரையற நேரத்துல ஒரு நாள் சேத்துக்குள்ள மஞ்சளும் வெள்ளையுமா முட்டை மாதிரி ரெண்டு உருண்டை வந்துச்சு. கையில எடுத்துப் பாத்தாரு, மோந்து பாத்தாரு, வாயில வெச்சுக்கூடப் பாத்தாராம், ஒண்ணும் புரியல. அப்பறம் தோணி அதை நெருப்புல காட்டினதும் வாசம் எழும்பிச்சு, ஒடனே பிடிபட்டுச்சு. அது கோபால், மாயா சனங்க சாமிக்குப் போடற பிசின், நம்ம குங்கிலியம் மாதிரி. பல நூறு வருசம் தண்ணிக்குள்ள கெடந்தும் வாசம் போகல. சாமிக்குக் குடுத்ததுதான் இந்தக் கெணத்துக்குள்ள இருக்குன்னு அப்பத்தான் உறுதியாச்சு. இதை அவரே தன்னோட நினைவுக் குறிப்புல எழுதியிருக்காரு, அந்த எடத்தை வாசிக்கறப்ப அந்த ஆளோட சந்தோசம் நமக்கும் ஒட்டிக்கும், அதை மறைக்கத் தேவையில்ல.

அப்பறம் வந்துக்கிட்டே இருந்துச்சு. ஜேட் கல்லு மணிங்க, பதக்கங்க, தங்கத் தகடுகள்ல போர்க்காட்சி தட்டியெடுத்த வட்டுங்க, செம்பு மணிங்க, ரப்பர் உருண்டை, மரத்துல செஞ்ச எறிகோல், துணித்துண்டு, மனுச எலும்பு. காத்துப் படாத சேறுங்கறதால மரமும் துணியும்கூட மக்காம இருந்துச்சு, மாயா நாட்டுல வேற எங்கயும் இந்த அளவுக்குப் பழைய துணி கெடைச்சதில்ல. நெறையப் பொருளை உள்ள போடறதுக்கு முன்னாடியே ஒடைச்சோ எரிச்சோதான் போட்டிருந்தாங்க. பக்கெட்டு எட்டாத எடத்துக்கு 1909-ல கடல்பஞ்சு எடுக்கற கிரேக்க முக்குளிப்பு ஆளுங்களைக் கூட்டிட்டு வந்தாரு, தானும் பாஸ்டன்ல முக்குளிப்பு பழகிட்டு வந்து செம்புத் தலைக்கவசம் மாட்டி எறங்கினாரு. உள்ள கும்மிருட்டு, கையால தடவித் தடவித்தான் எடுக்கோணும். ஒரு தடவை காத்துக் குழாயைச் சரியா திறக்காம மேல வந்ததுல காது அடிபட்டு, கடைசிவரைக்கும் சரியாக் கேக்காமலே போச்சு.

சரி, இந்தப் பொருளெல்லாம் எங்க போச்சு. ஹார்வர்டு பல்கலைக்கழகத்தோட பீபடி மியூசியத்துக்குப் போச்சு. தூர் வார்ற செலவுக்குப் பணம் குடுத்தவங்கள்ல சாலிஸ்பரியும், சார்லஸ் பௌடிச்ங்கற பாஸ்டன் பணக்காரரும் முக்கியமானவங்க, மியூசியத்தை நடத்தினவரு ஃப்ரெடரிக் புட்னம். பெட்டி பெட்டியா வெளிப்படையா அனுப்பல. வந்து போன ஆய்வாளருங்க, நண்பருங்களோட சாமான்ல சேத்து, கொஞ்சம் கொஞ்சமா, சத்தமில்லாம போச்சு. மெக்சிகோவுல பழம்பொருளை வெளிய கொண்டுபோகக் கூடாதுங்கற தடை 1827-லயே இருக்கு. 1897-ல தொல்சின்னமெல்லாம் தேசத்துச் சொத்துன்னு தனிச் சட்டமே போட்டாங்க. கெணத்துல தொட்டி எறங்கினது அதுக்கு ஏழு வருசம் கழிச்சு. தெரியாம நடந்ததுன்னு யாரும் சொல்ல முடியாது, தெரிஞ்சதாலதான் மறைச்சாங்க. கடுதாசிகள்லகூட ஜாக்கிரதையாத்தான் எழுதிக்கிட்டாங்க.

ஒரு நாட்டோட விருந்தாளியா, அந்த நாட்டு அரசாங்கம் அங்கீகரிச்ச அதிகாரியா உக்காந்துக்கிட்டு அந்த நாட்டுச் சட்டத்தையே மீறறது, இதுதாங்க எனக்குப் பொறுக்க முடியாத எடம். காட்டுக்குள்ள திருட்டுத்தனமா குழி தோண்டறவன் தப்புப் பண்ணறான், அவன் மாட்டினா போலீஸ் பிடிக்கும். கான்சல் பண்ணினா யாரு பிடிக்கறது. மெக்சிகோ அரசாங்கம் அப்ப போர்ஃபிரியோ தியாஸ் கையில, அமெரிக்கப் பணத்தை வரவேற்கற ஆட்சி, தொல்சின்னத்தை மேற்பார்வை பாக்கன்னு ஒரு அதிகாரியை நியமிச்சிருந்தாங்க, ஆனா தாம்சன் வேலை வருசக்கணக்கா ஓடிக்கிட்டே இருந்துச்சு. பதவி குடுத்த கூரைக்குக் கீழதான் அவ்வளவும் நடந்துச்சு.

1909-ல கான்சல் வேலை போச்சு. புரட்சி வந்துச்சு. 1920-களோட தொடக்கத்துல பண்ணை வீடு எரிக்கப்பட்டுச்சு, அவரோட புத்தகம், குறிப்பு, சேகரிச்சு வெச்சிருந்ததுல பெரும்பகுதி சாம்பலாச்சு. இதைக் கேக்கறப்ப எனக்கு வயிறு எரியுது, ஏன்னா எந்தப் பொருளு எந்த ஆழத்துல, எந்தப் பக்கத்துல வந்துச்சுங்கற விவரத்துல கொஞ்சமாச்சும் அந்தக் குறிப்புகள்ல இருந்திருக்கும். 1923-ல நியூயார்க் டைம்ஸுக்கு எழுதற ஆல்மா ரீட்ங்கற பத்திரிகைக்காரம்மா சிச்சென் இட்சாவுக்கு வந்தாங்க. வயசான தாம்சன் அவங்ககிட்ட மனசு திறந்து, கெணத்துல எடுத்த பொருளெல்லாம் ஹார்வர்டுல இருக்குன்னு சொல்லிட்டாரு. செய்தி வெளிய வந்துச்சு. 1926-ல இன்னொருத்தர் இந்தக் கெணத்தைப் பத்திப் புத்தகமே போட்டு, பொருளுக்கெல்லாம் பெரிய மதிப்புச் சொன்னதும் மெக்சிகோ அரசாங்கம் வழக்குப் போட்டு பண்ணையை ஜப்தி பண்ணிடுச்சு. தாம்சன் அமெரிக்காவுக்குத் திரும்பி, 1932-ல தன்னோட நினைவுக் குறிப்பை வெளியிட்டு, 1935-ல நியூ ஜெர்சியில செத்துப்போனாரு. வழக்கு மட்டும் நிக்கல, 1944-ல மெக்சிகோ உச்ச நீதிமன்றம் தாம்சன் பக்கம் தீர்ப்பு சொல்லி, பண்ணை வாரிசுங்களுக்குத் திரும்பிச்சு, அவங்க அதை வித்துட்டாங்க. இன்னைக்கு அது ஓட்டல். கோர்ட்டு விட்டுருச்சுங்கறதால நடந்தது சரின்னு ஆகிராது, அந்தத் தீர்ப்புக்கு அப்பறமும் பீபடி மியூசியமே ஒரு பங்கைத் திருப்பிக் குடுத்துச்சு, தங்க, செம்புப் பொருள்ல கொஞ்சம் 1960-ஐ ஒட்டியும், ஜேட் துண்டுகள் 1976-லயும் மெக்சிகோவுக்குப் போச்சு. மிச்சம் நெறைய இன்னும் ஹார்வர்டுலதான்.

ஆனா எனக்குப் பொருளு போனதைவிடப் பெருசாத் தெரியறது வேற ஒண்ணு. மறைச்சு வெச்சதால படிப்பே நின்னு போச்சு. மியூசியத்துல இருந்த அறிஞருங்க கையில மாயா உலகத்தோட மிகப்பெரிய காணிக்கைக் குவியல் இருந்துச்சு, ஆனா வெளிய சொன்னா மாட்டிக்குவோம்னு பல வருசம் வாயைத் திறக்கல. உலோகப் பொருளைப் பத்தின முழு நூலு வந்தது 1952-ல, தொட்டி எறங்கி ஏறக்குறைய அம்பது வருசம் கழிச்சு. ஜேட் பத்தின நூலு 1974-ல, தாத்தியானா ப்ரொஸ்கூரியாகாஃப்ங்கற அம்மா நொறுங்கின துண்டுகளை வருசக்கணக்கா ஒண்ணோட ஒண்ணு பொருத்திப் பாத்து எழுதினது. துணியும் மரமும் பத்தின தொகுதி 1992-ல. தங்கத்துல ஒரு பங்கு தெற்கே பனாமா, கோஸ்டாரிகா பக்கத்துல இருந்து வந்தது, ஒரு ஜேட் துண்டுல இருக்கற எழுத்து பல நாள் நடை தூரத்துல இருக்கற பியத்ராஸ் நெக்ராஸ் ஊரைச் சேர்ந்தது, இதெல்லாம் இவங்க உழைப்பாலதான் தெரிஞ்சுது. இதை ரெண்டு தலைமுறைக்கு முன்னாடியே தெரிஞ்சிருக்கலாம்.

இன்னொரு இழப்பைத் திருப்பவே முடியாது. தொட்டி சேத்தைக் கலக்கி அள்ளுது. அடியில கெடக்கறது பழசு, மேல கெடக்கறது புதுசுங்கற வரிசை போச்சு. எந்த எலும்போட எந்த மணி கெடந்துச்சுன்னு போச்சு. தாம்சன் காலத்துல அழகான கன்னிப் பொண்ணுங்களைத்தான் தள்ளினாங்கன்னு கதை பரவி, சினிமா போஸ்டர் மாதிரி படமெல்லாம் வரைஞ்சாங்க. ஹார்வர்டுல ஏர்னஸ்ட் ஹூட்டன் அந்த எலும்பைப் பரிசோதிச்சப்ப ஆம்பளைங்க, பொம்பளைங்க, நெறையக் குழந்தைங்கன்னு கலந்து இருந்துச்சு, கன்னிக் கதை அப்பவே சாஞ்சுது. 2024-ல நேச்சர் இதழ்ல ஒரு ஆய்வு வந்துச்சு, இதே புனிதக் கெணத்துக்குப் பக்கத்துல 1967-ல கண்டுபிடிச்ச ஒரு பாறைத் தொட்டியில கெடந்த 64 பேரோட டிஎன்ஏ. அத்தனையும் ஆம்பளைப் பசங்க, பல பேரு நெருங்கின ஒறவு, ரெண்டு ஜோடி ஒரே மாதிரி ரெட்டைப் பசங்க. மாயா புராணத்துல வர்ற இரட்டை வீரருங்களோட இதைச் சேத்துப் பாக்கறாங்க. எலும்பு ஒரே எடத்துல சேர்ந்து கெடந்ததாலதான் இந்தக் கேள்வியையே கேக்க முடிஞ்சுது. கெணத்துல பக்கெட்டு கலக்கின எலும்புகிட்ட இப்படிக் கேக்கறது ரொம்பக் கஷ்டம்.

இப்ப நம்ம பக்கம் வருவோம். பாண்டியன் குழி, பாண்டுக்குழின்னு நாம சொல்ற கல்லறைகளை வெள்ளைக்கார அதிகாரிங்க கோயமுத்தூர் ஜில்லா பூராவும் தோண்டியிருக்காங்க. நீலகிரி 1868 வரைக்கும் கோயமுத்தூர் ஜில்லாவுலதான் இருந்துச்சு, தனியாப் பிரிஞ்சப்ப முதல் கமிஷனரா வந்தவரு ஜேம்ஸ் வில்கின்சன் ப்ரீக்ஸ். மலைமேல இருக்கற கல்வட்டங்களைத் தோண்டி எடுத்ததுல பெரும்பகுதி சென்னை மியூசியத்துக்குப் போச்சு, நீலகிரிக் கல்வட்டத்துல கெடைச்ச வெண்கலக் கிண்ணமும் தங்க நகையும் லண்டன்ல பிரிட்டிஷ் மியூசியத்துல இருக்கு. ப்ரீக்ஸ் 1872-ல செத்துட்டாரு, அடுத்த வருசம் அவரோட நூலு வந்துச்சு. அதுல எந்த மேட்டுல என்ன கெடைச்சுதுன்னு எழுதி, படமும் போட்டிருக்காங்க. அவரும் ஆர்வலர்தான், அவரும் அதிகாரிதான், பொருளும் மலையை விட்டுப் போச்சுதான். ஆனா மறைக்கல, ஒடனே எழுத்துல வந்துச்சு, அதனால இன்னைக்கும் அதை வெச்சு ஆராய்ச்சி நடக்குது. பொருளு போனது சரின்னு நான் சொல்லல, ரெண்டுக்கும் நடுவுல இருக்கற வித்தியாசத்தைச் சொல்றேன்.

கொடுமணல்ல இன்னொரு மாதிரி. நொய்யலோட வடகரை, சென்னிமலைக்குப் பக்கம், பதிற்றுப்பத்துல கொடுமணம்னு வர்ற ஊர். 1985-ல இருந்து தஞ்சாவூர் தமிழ்ப் பல்கலைக்கழகம் தோண்ட ஆரம்பிச்சதும் தமிழி எழுத்துப் பொறிச்ச பானை ஓடு, இரும்பு உருக்கின உலை, கல்மணி அறுத்து, துளை போட்டு, மெருகேத்தின பட்டறைன்னு வெளிய வந்துச்சு. சூதுபவளம், பளிங்கு, பச்சைக்கல்லு, நீலக்கல்லு. அதுக்கு ரொம்ப முன்னாடி இருந்தே அந்தக் காட்டுல மழை பேஞ்சு விட்டதும் உழவு சால்ல மணி மினுங்கும், பசங்க பொறுக்குவாங்க, கல்லு வியாபாரம் பண்றவங்க வந்து வாங்கிட்டுப் போவாங்க. காங்கயம், படியூர்ப் பக்கம் கல்லு வியாபாரம் பழைய தொழிலு, அதுல யாரையும் குத்தம் சொல்ல முடியாது. ஆனா துளை பாதியில நின்னுபோன மணிதான் அந்த எடம் பட்டறைன்னு சொல்ற சாட்சி, காசுக்குப் பெறாததுன்னு தூக்கி வீசறதும் அதைத்தான். கோயமுத்தூருக்குப் பக்கத்துல வெள்ளலூர்ல 1842-ல ரோமானிய வெள்ளிக்காசு பானையோட கெடைச்சுது, அங்கயே திரும்பவும் கெடைச்சுது, காசுல இருக்கற ராஜா முகத்தைப் பத்தி எழுதினவங்க பானை கெடந்த மண்ணைப் பத்தி எழுதினது கம்மி.

நம்ம பக்கம் இன்னைக்கு யாரும் தாம்சன் மாதிரி டெரிக் நிறுத்தப் போறதில்ல. நம்ம பக்கம் நடக்கற மறைப்பு வேற. பொக்லைன் வெச்சு காடு சமன் பண்ணறப்ப தாழி ஒடையும், பண்ணையத்துக்காரருக்கு ஒடனே வர்ற பயம், அதிகாரிங்க வந்து நெலத்தை எடுத்துக்குவாங்கன்னு. அப்படியே மண்ணைத் தள்ளி மூடிருவாங்க, இல்லாட்டி ராத்திரியோட ராத்திரியா கைமாத்திருவாங்க. இதுல சட்டம் என்ன சொல்லுதுன்னு ஊருக்குள்ள பலருக்கும் தெரியறதில்ல, அதனால எழுதறேன். 1878-ல போட்ட புதையல் சட்டம் இன்னும் நடப்புல இருக்கு. மண்ணுக்குள்ள பத்து ரூபாய்க்கு மேல மதிப்புள்ளது கெடைச்சா கலெக்டருக்கு எழுதித் தெரிவிக்கோணும். உரிமையாளர்னு யாரும் நிரூபிக்காட்டி, கண்டெடுத்தவருக்கும் நெலத்துக்காரருக்கும் வேற ஒப்பந்தம் இல்லாதப்ப, முக்கால் பங்கு கண்டெடுத்தவருக்கு, கால் பங்கு நெலத்துக்காரருக்கு. அரசாங்கம் அதை எடுத்துக்கிட்டா அந்த உலோகத்தோட, பொருளோட மதிப்பும் அதுக்கு மேல அஞ்சுல ஒரு பங்கும் குடுக்கோணும். மறைச்சா அந்தப் பங்கு போகும், தண்டனையும் உண்டு. 1972-ஆம் வருசத் தொல்பொருள் சட்டப்படி பழம்பொருளை வெளிநாட்டுக்குத் தனியாளு அனுப்பவே முடியாது, பிடிபட்டா ஆறு மாசத்துல இருந்து மூணு வருசம் வரைக்கும் உள்ள.

அதனால ஓடோ மணியோ கண்ணுல பட்டா முதல்ல எடுக்காம அப்படியே போன்ல படம் எடுங்க, பக்கத்துல ஒரு அளவுகோலோ பேனாவோ வெச்சு எடுங்க, சர்வே நம்பரையும் எவ்வளவு ஆழம்ங்கறதையும் எழுதி வையுங்க, விஏஓகிட்டயும் தாசில்தார்கிட்டயும் எழுத்துல குடுத்து ரசீது வாங்கிக்கங்க. மாவட்டத் தொல்லியல் அலுவலகத்துக்கும் ஒரு நகல் போகட்டும்.